வாசகர் கேள்வி – பதில்: மடம் விட்ட பெண்களும் மடம் காத்த பெண்களும்

மார்ட்டின் லூத்தரின் சீர்திருத்த இயக்கத்தால் ஐரோப்பாவில் திருச்சபை கத்தோலிக்கம், புரொட்டஸ்டண்ட் என்று பிளவுபட்ட 16, 17ஆம் நூற்றாண்டுகளில் பெண்களின் நிலை பற்றி வந்த கேள்விகள் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில்.

கே: மார்ட்டின் லூத்தரின் மனைவி மீன் பீப்பாய்க்குள் ஒளிந்து கன்னியர் மடத்திலிருந்து தப்பினாராமே, உண்மையா? அவரோடு வந்த மற்றவர்கள் என்ன ஆனார்கள்?
– வாசகர், நாகர்கோவில்

ப: பீப்பாய் பிற்காலத்தார் தூவிய மசாலா. உறுதியாகத் தெரிவது இதுதான்: கிரிம்மா நகருக்கு அருகில் இருந்த நிம்ப்ஷன் மடத்திலிருந்து 1523ஆம் ஆண்டு ஈஸ்டருக்கு முந்தின இரவு 12 கன்னியர் வெளியேறினார்கள். அழைத்துப் போனவர் லெயன்ஹார்ட் கோப்பே. டோர்கௌ நகர வணிகர். மடத்துக்குச் சரக்கு கொண்டுவந்து இறக்குகிறவர், ஹெர்ரிங் மீனும் அதில் அடக்கம். அவருடைய வண்டி மடத்து வாசலில் நின்றால் யாரும் ஏன் என்று கேட்கமாட்டார்கள். பீப்பாய் கதை முளைத்தது அதிலிருந்துதான்.

12 பேரில் 3 பேர் தங்கள் குடும்பங்களிடம் போனார்கள். மீதி 9 பேர் லூத்தர் இருந்த விட்டன்பர்க் வந்து சேர்ந்தார்கள். சிக்கல் அங்கேதான் தொடங்கியது. மடத்தை விட்ட துறவி போதகராகலாம், பள்ளி ஆசிரியராகலாம், அச்சுக்கூடத்தில் வேலை தேடலாம். மடத்தை விட்ட பெண்ணுக்கு இருந்த வழிகள் மூன்று: கல்யாணம், உறவினர் வீடு, வேறொரு வீட்டில் ஊழியம். மடத்தில் சேர்ந்தபோதே குடும்பச் சொத்தில் தன் பங்கை விட்டுக்கொடுத்திருப்பாள். திரும்பி வந்து கேட்டால், அந்தப் பங்கை ஏற்கெனவே பிரித்துக்கொண்ட அண்ணன் தம்பிகள் கொடுப்பார்களா? சில ஆட்சிப்பகுதிகளில், வெளியேறுகிறவர்களுக்கு அவர்கள் கொண்டுவந்த சீதனத்தையோ ஒரு தொகையையோ திருப்பிக் கொடுக்க ஏற்பாடு இருந்தது. உள்ளேயே இருக்க விரும்பியவர்களுக்கு ஆயுள் வரை சோறும் துணியும் உண்டு, ஆனால் புதிதாக யாரையும் சேர்க்கக் கூடாது.

பின்னாளில் லூத்தரின் மனைவியான கத்தரீனா ஃபொன் போரா இரண்டு ஆண்டு பிறர் வீடுகளில் இருந்தார். நியூரம்பர்க் இளைஞர் ஒருவரோடு பேச்சு நடந்தது, பையன் வீட்டார் மறுத்துவிட்டார்கள். அடுத்து வந்த வரனை அவரே வேண்டாம் என்றார். 'லூத்தர் அல்லது (அவருடைய நண்பர்) அம்ஸ்டார்ஃப், இருவரில் ஒருவர் என்றால் சம்மதம்' என்று சொல்லியனுப்பியதும் அவரேதான். 1525 ஜூன் 13 அன்று கல்யாணம். மணமகளுக்கு 26 வயது, மணமகனுக்கு 41.

கே: அந்தக் காலத்தில் மடத்தில் இருந்த பெண்கள் எல்லோரும் வெளியே வரத் தவித்துக்கொண்டிருந்தார்களா?
– வாசகி, தூத்துக்குடி

ப: நியூரம்பர்க் புனித கிளாரா மடத்தைப் பார்த்தால் அப்படிச் சொல்ல வாயெழாது. மடத்தலைவி காரிட்டாஸ் பிர்க்ஹைமர், லத்தீனில் அறிஞர்களோடு கடிதப் போக்குவரத்து வைத்திருந்தவர். அவருக்குக் கீழே ஏறக்குறைய 60 கன்னியர். 1525 மார்ச்சில் நகரம் சீர்திருத்தப் பக்கம் சாய்ந்ததும் நகரசபை கட்டளைகளை அடுக்கியது: கன்னியரை வார்த்தைப்பாட்டிலிருந்து (துறவு வாக்குறுதியிலிருந்து) விடுவிக்க வேண்டும், பெற்றோர் கேட்டால் மகளை அனுப்ப வேண்டும், துறவு உடையைக் களைய வேண்டும், பேச்சறையின் கம்பிக் கிராதியை எடுத்துவிட்டுச் சன்னல் வைக்க வேண்டும், மடத்துச் சொத்துக்குப் பட்டியல் தரவேண்டும்.

சொத்துப் பட்டியலைத் தவிர எதற்கும் காரிட்டாஸ் எளிதில் இணங்கவில்லை. அவரவர் மனச்சாட்சிதான் வார்த்தைப்பாட்டை விடுவதா வேண்டாமா என்று முடிவு செய்யும், நான் விடுவிக்க முடியாது என்றார். ஜூன் மாதம் மூன்று இளம் கன்னியரை அவர்களுடைய தாய்மார்களே வந்து, அவர்கள் கதறக் கதற இழுத்துப் போனார்கள். லூத்தரின் நெருங்கிய தோழர் மெலாங்க்தன் அந்த ஆண்டின் பிற்பகுதியில் வந்து காரிட்டாஸிடம் பேசினார். பலவந்தம் கூடாது என்று நகரசபைக்குச் சொன்னவர் அவர். அதன்பின் இழுத்துப்போகும் காட்சிகள் நின்றன. ஆனால் புதியவர்களைச் சேர்க்கத் தடை, பூசை வைக்கவும் பாவசங்கீர்த்தனம் கேட்கவும் குருவானவர் வரத் தடை. மடம் ஒவ்வொரு சாவாகச் சுருங்கி அந்த நூற்றாண்டின் இறுதியில் முடிந்தது.

ஜெனிவாவிலும் இப்படித்தான். மடத்தை விட்டு வந்து போதகரை மணந்த மாரி டாந்தியேர், கிளாரா மடத்துக் கன்னியரிடம் போய் வெளியே வாருங்கள் என்று பேசினார். உள்ளே இருந்த ழான் த ழுஸ்ஸி அதையெல்லாம் கசப்போடு எழுதி வைத்தார். 1535 ஆகஸ்ட் இறுதியில் அந்தக் கன்னியர் நடந்தே அன்னெசி நகருக்குப் போய்ச் சேர்ந்தார்கள். ஒரே நிகழ்வை இரண்டு பெண்கள் எதிரெதிர்க் கரையிலிருந்து பார்த்த பதிவு இது. சீர்திருத்த வரலாறு படிக்கிறவர்கள் இதைத் தவறவிடக்கூடாது.

கே: போதகர் மனைவி என்ற பதவியே லூத்தர் வீட்டில்தான் பிறந்தது என்கிறார்கள். அவர் செய்த வேலை என்ன? சம்பளம் உண்டா?
– வாசகி, மதுரை

ப: அவருக்குச் சம்பளம் கிடையாது. லூத்தரின் சம்பளமே கல்யாணத்தின்போது ஆண்டுக்கு 200 கில்டராக உயர்த்தப்பட்டது. புத்தகங்களுக்கு அவர் காசு வாங்கியதில்லை, மாணவரிடம் பாடத்துக்குக் கட்டணமும் வாங்கியதில்லை. ஆகவே வீட்டைத் தாங்கியது கத்தரீனாவின் கணக்குதான். அவர்கள் குடியிருந்தது பழைய அகுஸ்தினார் மடம். மாணவர்களுக்கு அறை வாடகைக்கு விட்டு, சாப்பாடும் போட்டார். அந்த வீட்டுக்கு பீர் காய்ச்சும் உரிமை இருந்தது, காய்ச்சினார். தோட்டம், பழமரங்கள், மீன்குளம், பன்றி, மாடு. 1540இல் ட்சுல்ஸ்டார்ஃப் என்ற பண்ணையும் கைக்கு வந்தது. அது இரண்டு நாள் பயணத் தொலைவு, விதைப்புக்கும் அறுப்புக்கும் வாரக்கணக்கில் அங்கேயே தங்குவார். தாங்கள் பெற்ற ஆறு பிள்ளைகள் போக, உறவுக்காரப் பிள்ளைகளும் அந்த வீட்டில்தான் வளர்ந்தார்கள்.

எங்கே கோளாறு வந்தது என்றால், லூத்தர் இறந்த பிறகு. 1542இல் லூத்தர் தாமே ஓர் உயில் எழுதினார். பண்ணை, ஒரு சிறு வீடு, வெள்ளிக் கோப்பைகள், நகைகள் எல்லாம் மனைவிக்கு. பிள்ளைகளுக்குப் பாதுகாவலரும் அவரே. பிள்ளைகள் கையைத் தாய் எதிர்பார்க்கக் கூடாது, தாய் கையைத்தான் பிள்ளைகள் எதிர்பார்க்க வேண்டும் என்பது அவர் சொன்ன காரணம். வக்கீல்கள் மேல் இருந்த வெறுப்பில், சட்டப்படி அதைப் பதியவில்லை. சாக்சனிச் சட்டமோ விதவைக்கு ஆண் பாதுகாவலர் வேண்டும் என்றது. 1546 பிப்ரவரியில் லூத்தர் கண் மூடியதும் அரசின் தலைமை அமைச்சர் புரூக், குடும்பத்தைப் பிரித்து வைக்கப் பார்த்தார். இளவரசர் தலையிட்டு உயிலைப் பெரும்பாலும் நிலைநிறுத்தினார். பிள்ளைகளும் தாயோடு இருந்தார்கள். ஆனால் அதே ஆண்டு போர் வெடித்தது. இரண்டு தடவை ஊரைவிட்டு ஓட்டம், திரும்பினால் பண்ணை பாழ். கடன் வாங்கி, மறுபடி மாணவர்களை வாடகைக்கு வைத்து ஓட்டினார். 1552இல் கொள்ளைநோய்க்கு அஞ்சி டோர்கௌ போகும் வழியில் வண்டி விபத்து. டிசம்பர் 20 அன்று டோர்கௌவில் இறந்தார்.

மற்றப் போதகர் மனைவிகளுக்கு இந்த உயிலும் கிடையாது. கணவன் இறந்தால் பல ஊர்களில் அரை ஆண்டுச் சம்பளம் கருணைத் தொகையாகக் கிடைக்கும். பிறகு புதுப் போதகருக்கு வீட்டைக் காலிசெய்ய வேண்டும். வருகிற போதகர் விதவையையே மணந்துகொண்டால் இரண்டு பிரச்சினையும் தீர்ந்தது என்று சபையார் கண்டுபிடித்த ஊர்களும் உண்டு.

கே: அவசரத்துக்கு மருத்துவச்சி ஞானஸ்நானம் கொடுக்கலாமா என்பதில் இரு தரப்பும் சண்டை போட்டதாகப் படித்தேன். அதில் அப்படி என்ன இருக்கிறது?
– வாசகர், திருச்சி

ப: நிறைய இருக்கிறது. சபைச் சடங்குகளில் ஒரு பெண் சட்டப்படி செய்ய முடிந்த ஒரே அருட்சாதனம் அது. குழந்தை பிழைக்காது என்று தெரிந்தால் பக்கத்தில் இருப்பவர் மருத்துவச்சிதான். குருவானவரைக் கூட்டிவர நேரமிருக்காது.

கத்தோலிக்கர் அதை விடாமல் வைத்துக்கொண்டு விதிகளை இறுக்கினார்கள். 1614இல் வந்த ரோமைச் சடங்கு நூலின்படி முறை இது. சாதாரணத் தண்ணீரைத் தலையில் ஊற்றிக்கொண்டே 'பிதா, சுதன், பரிசுத்த ஆவியின் பெயரால் உனக்கு ஞானஸ்நானம் கொடுக்கிறேன்' என்று சொல்ல வேண்டும். ஊற்றுவதும் சொல்வதும் ஒருவராகவே இருக்க வேண்டும். பேறுகாலத்தில் தலை மட்டும் வெளியே வந்து உயிருக்கு ஆபத்து என்றால் தலையில் ஊற்றலாம். பிறகு உயிரோடு பிறந்தால் மறுபடி கொடுக்கக் கூடாது. கையோ காலோ மட்டும் வெளியே தெரிந்து அதன்மேல் ஊற்றியிருந்தால், உயிரோடு பிறந்தபின் 'நீ ஞானஸ்நானம் பெறாதிருந்தால்' என்று நிபந்தனை சேர்த்து மறுபடி கொடுக்க வேண்டும். ஆண் ஒருவர் பக்கத்தில் இருந்தால் பெண்ணைவிட அவருக்கு முன்னுரிமை. ஆனால் நாணம் கருதியோ, முறை அவளுக்கே நன்றாகத் தெரியும் என்பதாலோ பெண்ணே செய்யலாம். பெற்றோர் தங்கள் பிள்ளைக்குத் தாங்களே கொடுப்பது வேறு ஆளே இல்லாதபோது மட்டும். முறை தெரிகிறதா என்று பங்குக் குருவானவர் மருத்துவச்சிகளைச் சோதித்து வைத்திருக்க வேண்டும்.

எங்கே தப்பும் என்றால், பதற்றத்தில் வார்த்தை விட்டுப்போகும், இறந்து பிறந்த குழந்தைக்குத் தாயின் ஆறுதலுக்காகக் கொடுத்துவிடுவார்கள், பெரிய வீடாக இருந்தால் பன்னீர் ஊற்றுவார்கள். கடைசியாகச் சொன்னது வேடிக்கை இல்லை. 1567இல் இங்கிலாந்தில் எலினர் பீட் என்ற மருத்துவச்சி, காண்டர்பரி பேராயர் முன் உரிமம் பெற எடுத்த உறுதிமொழியில், சுத்தமான தண்ணீரைத்தான் ஊற்றுவேன், பன்னீர் ஊற்றமாட்டேன் என்ற வரி இருக்கிறது. செய்து முடித்ததும் பங்குக் குருவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்பதும் உண்டு.

லூத்தர் சபையார் மருத்துவச்சியை ஏற்றார்கள், நிபந்தனை ஞானஸ்நானத்தை ஏற்கவில்லை. குழந்தை பிழைத்தால் கோவிலுக்குக் கொண்டுவந்து சாட்சிகளை விசாரிப்பார்கள்: யார் கொடுத்தார், எதைக்கொண்டு கொடுத்தார், என்ன சொன்னார். பதில் சரியாக இருந்தால் உறுதிசெய்து ஆசீர்வாதம், குழப்பமாக இருந்தால் நிபந்தனை இல்லாமல் புதிதாக ஞானஸ்நானம். ஜெனிவாவின் சீர்திருத்தவாதி கால்வினின் வழியார் அடியோடு நிறுத்தினார்கள். ஜெனிவாவின் 1541 சபை ஒழுங்கின்படி போதகர் மட்டுமே, அதுவும் கோவிலில். ஞானஸ்நானம் இல்லாமல் இறக்கும் சிசுவும் கடவுளின் வாக்குறுதிக்குள் இருக்கிறது, ஆகவே அவசரம் என்பதே இல்லை என்பது கால்வினின் வாதம். சிசுவைப் பறிகொடுத்த தாய்க்கு அது ஆறுதல்தான். மருத்துவச்சியோ தன் கையிலிருந்த ஒரே சமய அதிகாரத்தை இழந்தாள்.

கே: பெண்கள் பைபிள் படிக்கக்கூடாது என்று சட்டமே இருந்ததா?
– வாசகர், கும்பகோணம்

ப: இங்கிலாந்தில் 1543இல் எட்டாம் ஹென்றியின் சட்டம். பிரபு குலப் பெண்கள் தனியாக, தங்களுக்குள் படித்துக்கொள்ளலாம். அதற்குக் கீழ்ப்பட்ட பெண்கள் ஆங்கில பைபிள் படிக்கக் கூடாது. கைத்தொழில் ஆட்களுக்கும் வேலைக்காரருக்கும் அதே தடை. 1547இல் நீங்கியது. இடையில் 1546 ஜூலை 16 அன்று புரொட்டஸ்டண்டான ஆன் ஆஸ்க்யூ எரிக்கப்பட்டார். அவரிடமிருந்து அரசவைப் பெண்களின் பெயர்களைக் கறக்கச் சித்திரவதைக் கட்டிலில் இழுத்தார்கள், கறக்க முடியவில்லை.

கே: லூத்தருக்கு ஆதரவாகப் பல்கலைக்கழகத்தையே வாதத்துக்கு இழுத்த பெண் யார்?
– வாசகி, சேலம்

ப: பவேரியப் பிரபு குலத்துப் பெண் ஆர்குலா ஃபொன் கிரும்பாக். 1523 செப்டம்பரில் இங்கோல்ஸ்டாட் பல்கலைக்கழகம், 18 வயது மாணவன் அர்சாசியஸ் சீஹோஃபரை மிரட்டி, தன் கொள்கை தவறு என்று சொல்ல வைத்து, எட்டால் மடத்துக்கு அனுப்பியது. செப்டம்பர் 20 தேதியிட்டு ஆர்குலா பல்கலைக்கழகத்துக்கு எழுதினார். லத்தீன் எனக்குத் தெரியாது, ஜெர்மனில் வாதாடுவோம், இளவரசரும் இருக்கட்டும் என்றார். பெண் சபையில் பேசக்கூடாது என்ற பவுலின் வசனம் தெரியும், ஆண் ஒருவனும் பேசவில்லையே என்றும் கேட்டார். கடிதம் அச்சாகி இரண்டே மாதத்தில் பல பதிப்புகள் ஓடியது.

பல்கலைக்கழகம் பதில் எழுதவில்லை. பதிலுக்கு அவருடைய கணவருக்கு வேலை போயிற்று, அதுவும் சீர்திருத்தத்தில் சேராத கணவருக்கு. 1524க்குப் பிறகு ஆர்குலாவின் அச்செழுத்து எதுவும் இல்லை.

கே: கத்தோலிக்கச் சபை ஏன் கன்னியரைச் சுவருக்குள் பூட்டியது? திரிதெந்தீன் சங்கத்துக்கு முன் வெளியே நடமாடவில்லையா?
– வாசகி, பாண்டிச்சேரி

ப: கன்னியர் மடத்துக்குள்ளேயே இருக்க வேண்டும் என்ற சட்டம் 1298இலேயே இருந்தது, பல மடங்களில் நடைமுறையில் இல்லை. 1563 டிசம்பரில் திரிதெந்தீன் சங்கம் (கத்தோலிக்க ஆயர்களின் பொதுச்சங்கம்) அதைத் தூசி தட்டியது. 1566இல் ஐந்தாம் பத்திநாதர் (பாப்பரசர் ஐந்தாம் பயஸ்), அடைபட்ட வாழ்வு ஏற்காமல் கூட்டாக வாழ்ந்த பெண்களுக்கும் அது பொருந்தும் என்றார்.

செயல்படுத்துவது கொத்தனார் வேலையிலிருந்து தொடங்கும். வெளிச்சுவரை உயர்த்தி, தெருவைப் பார்த்த சன்னல்களை அடைப்பார்கள். பேச்சறையில் இரும்புக் கிராதி, அதன் பின்னால் திரை. சாமான் வாங்க வாசலில் சுழல் பெட்டி: வெளியே வைப்பவர் முகம் உள்ளே தெரியாது. கதவுக்கு உள்ளே ஒரு சாவி, வெளியே ஒரு சாவி. மருத்துவரும் கொத்தனாரும்கூட ஆயரின் எழுத்துமூல அனுமதி இல்லாமல் நுழையக் கூடாது, நுழைந்தால் சபைவிலக்கு.

சிக்கல் சோற்றில் வந்தது. பிச்சை எடுத்தும், நோயாளிகளைப் பார்த்தும், நூல் நூற்று விற்றும் பிழைத்த மடங்களுக்கு வாசல் அடைத்ததும் வருமானம் அடைபட்டது. ஈடுகட்டச் சீதனத்தை ஏற்றினார்கள். ஏழைப் பெண்கள் சமையலும் துவையலும் செய்யும் உதவிச் சகோதரிகளாக மட்டும் சேர முடிந்தது. பணக்காரக் குடும்பங்களுக்கோ மடத்துச் சீதனம் கல்யாணச் சீதனத்தைவிட மலிவு. வெனிஸில் பெரிய வீட்டுப் பெண்கள் கூட்டமாக மடத்துக்குள் போனது இந்தக் கணக்கால்தான். கட்டாயப்படுத்துகிறவருக்குச் சபைவிலக்கு, 16 வயதுக்கு முன் வார்த்தைப்பாடு கூடாது, பெண்ணின் சம்மதத்தை ஆயர் நேரில் கேட்க வேண்டும் என்று அதே சங்கம் விதித்திருந்தது. வீட்டில் சொல்லிக்கொடுத்து அனுப்பிய பதிலை ஆயர் கேட்டுக்கொள்வார், அவ்வளவுதான். அப்படி உள்ளே தள்ளப்பட்ட அர்க்காஞ்செலா தாரபொத்தி, மடத்திலிருந்தே தகப்பன்மாரைச் சாடி எழுதினார்.

விரும்பி அடைபட்டவர்களும் உண்டு. ஸ்பெயின் நாட்டு அவிலா தெரசம்மாள் இருந்த அவதார மடத்தில் ஏறக்குறைய 180 பேர், பணக்காரருக்குத் தனி அறைகள், பெயருக்கு முன் 'தோன்யா' பட்டம், ஓயாத விருந்தாளிகள். 1562 ஆகஸ்ட் 24 அன்று தொடங்கிய புனித சூசையப்பர் மடத்தில் 13 பேருக்கு மேல் கூடாது, பட்டம் கிடையாது, நிலையான வருமானமும் கிடையாது என்றார். நகரசபை வழக்கே தொடுத்தது. இவர்களையும் ஊர்தான் போஷிக்க வேண்டும் என்ற பயம். கிராதிக்குப் பின்னால் போக விரும்பிய அவரே 17 மடங்கள் நிறுவ ஸ்பெயின் முழுக்க வண்டியில் அலைந்தார். ஊர் சுற்றும் அமைதியற்ற பெண் என்று பாப்பரசரின் தூதர் எரிச்சலோடு சொன்னார்.

கே: சுவர் வேண்டாம் என்று நின்ற கத்தோலிக்கப் பெண்கள் இல்லையா?
– வாசகர், கொழும்பு

ப: மூன்று முயற்சிகளை ஒப்பிட்டால் எது செல்லும், எது செல்லாது என்று புரியும். 1535 நவம்பர் 25 அன்று இத்தாலியின் பிரேசியாவில் ஆஞ்செலா மெரிச்சி 28 பெண்களோடு தொடங்கிய புனித உர்சுலா கூட்டத்தார் அவரவர் வீட்டிலேயே இருந்து கன்னிமை காத்தார்கள். அவர் இறந்தபின் கொஞ்சம் கொஞ்சமாக அது மடமாயிற்று. பாரிஸில் 1612இல் சுவரும் வந்தது.

இங்கிலாந்தின் மேரி வார்டு நேராகக் கேட்டார்: சேசு சபையாரைப் போல எங்களுக்கும் வேண்டும், சுவர் வேண்டாம், ஆயருக்குக் கீழ் இல்லாமல் பாப்பரசருக்குக் கீழ் ஒரு பெண் தலைவி. 1621இல் நடந்தே ரோமுக்குப் போனார். பள்ளிகள் நன்றாக நடந்தன, எதிரிகளும் பெருகினார்கள். 1631 ஜனவரி 13 அன்று பாப்பரசரின் ஆணை அவரது நிறுவனத்தைக் கலைத்தது. மியூனிக்கில் ஒரு கிளாரா மடத்தில் அவரை அடைத்தார்கள். பொட்டலக் காகிதத்தில் எலுமிச்சைச் சாற்றால் கடிதம் எழுதி அனுப்பினார். நெருப்பில் காட்டினால் எழுத்து தெரியும். அவர் நிறுவியவர் என்று சொல்லிக்கொள்ளவே அவரது வழித்தோன்றல்களுக்கு 1909 வரை அனுமதி இல்லை. அந்த வழியில் வந்த லொரேட்டோ சகோதரிகளில் ஒருவராகத்தான் அன்னை தெரசா கல்கத்தா வந்தார்.

வென்றது மூன்றாவது. 1633இல் லூயிஸ் த மரியாக்கும் வின்சென்ட் தெ பவுலும் தொடங்கிய பிறரன்புப் புதல்வியர், கன்னியர் என்ற பெயரையே தொடவில்லை. நிரந்தர வார்த்தைப்பாடு கிடையாது, ஆண்டுதோறும் மார்ச் 25 அன்று தனிப்பட்ட முறையில் புதுப்பிப்பார்கள். சட்டம் கன்னியரைத்தான் பூட்டச் சொல்கிறது; இவர்கள் கன்னியரே அல்லவே! மேரி வார்டு உரிமையாகக் கேட்டதை இவர்கள் பெயர் மாற்றி எடுத்துக்கொண்டார்கள்.

கே: மொத்தத்தில் பெண்களுக்கு நல்லது செய்தது புரொட்டஸ்டண்டா, கத்தோலிக்கமா?
– வாசகர், கோயம்புத்தூர்

ப: இந்தப் பட்டிமன்றத்துக்குத் தலைமை தாங்க நான் வரவில்லை. ஆனால் ஆண்டுகளைப் பாருங்கள். ஆர்குலா எழுதியது 1523இல், மெரிச்சி தொடங்கியது 1535இல். விதிமுறை இன்னும் எழுதப்படாத குழப்பக் காலம் அது. சபை ஒழுங்கும் சங்கத் தீர்மானமும் எழுதி முடிந்ததும் இரண்டு பக்கமும் கதவுகள் சாத்தப்பட்டன. சூரிச்சில் 1525இலிருந்து கல்யாண நீதிமன்றம் வந்து, துரோகம் செய்த கணவனை விட்டு மறுமணம் செய்யப் பெண்ணுக்கு வழி கிடைத்தது. அது கத்தோலிக்கரிடம் இல்லை. கல்யாணமே வேண்டாம் என்று சொல்ல மதிப்பான ஓர் இடம் கத்தோலிக்கரிடம் இருந்தது. அது சீர்திருத்தப் பக்கத்தில் இல்லாமல் போனது.

கே: இங்கிலாந்தில் கத்தோலிக்க மனைவிகளைத் தண்டிக்க முடியாமல் அரசு திணறியதாமே?
– வாசகி, வேலூர்

ப: ஆம். 1581 சட்டப்படி ஆங்கிலச் சபைக் கோவிலுக்கு வராதவருக்கு மாதம் 20 பவுன் அபராதம். மணமான பெண்ணுக்குச் சட்டப்படி சொத்தே இல்லை, எதைப் பறிமுதல் செய்வது? கணவன் ஞாயிறு தவறாமல் ஆங்கிலச் சபைக்குப் போய்ச் சொத்தைக் காப்பான், மனைவி வீட்டில் குருவானவரை ஒளித்து வைத்துப் பூசை நடத்துவாள். 1610இல்தான், மாதம் 10 பவுன் கட்டாவிட்டால் மனைவிக்குச் சிறை என்று ஓட்டையை அடைத்தார்கள்.

குருவானவரை ஒளித்ததற்குச் சாவுத் தண்டனையே உண்டு. யார்க் நகர மார்கரெட் கிளிதரோ குற்றம் செய்தேன் என்றோ இல்லை என்றோ சொல்ல மறுத்தார். பதில் சொல்லாதவரை வழக்கு நடக்காது. வழக்கு நடக்காவிட்டால் அவருடைய பிள்ளைகளும் வேலையாட்களும் சாட்சிக்கூண்டில் ஏறவேண்டாம். அப்படி மறுப்பவருக்குப் பாரம் ஏற்றி நசுக்கும் தண்டனை. 1586 மார்ச் 25 அன்று ஏறக்குறைய 350–400 கிலோ ஏற்றினார்கள்.

கே: எங்கள் ஊர் குளோரிந்தா அம்மாளை இந்த வரிசையில் சேர்க்கலாமா?
– வாசகர், பாளையங்கோட்டை

ப: காலம் 200 ஆண்டு பிந்தியது, ஆனால் இழை ஒன்று ஓடுகிறது. கல்யாணமாகாமல் ஆங்கில அதிகாரியோடு வாழ்ந்த குளோரிந்தாவுக்கு, லூத்தர் சபை மிஷனரி சுவார்ட்ஸ் ஐயர் முதலில் ஞானஸ்நானம் மறுத்தார். கல்யாண ஒழுங்கில் லூத்தர் சபையார் காட்டிய கண்டிப்புதான் அது. அந்த அதிகாரி இறந்தபின் 1778இல் கொடுத்தார். 1780ஆம் ஆண்டுச் சபைப் பதிவேட்டில் 40 பேர், முதல் பெயர் குளோரிந்தா. போதகர் வந்து சேருமுன் சபையைக் கூட்டியவர் அவர். அவர் கட்டிய கோவிலை 1785இல் சுவார்ட்ஸ் பிரதிஷ்டை செய்தார். பாப்பாத்தி அம்மாள் கோவில் என்று நீங்கள் சொல்வது அதைத்தான்.

கே: அவிலா தெரசம்மாள் அக்டோபர் 4 இரவு இறந்தார், அடக்கம் மறுநாள் 15ஆம் தேதி என்கிறது ஒரு புத்தகம். அச்சுப் பிழையா?
– வாசகி, யாழ்ப்பாணம்

ப: பிழையில்லை. 1582இல் ஸ்பெயின் கிரகோரியன் நாள்காட்டிக்கு மாறிய இரவு அது. 4ஆம் தேதிக்கு அடுத்த நாளே 15. இடையில் 10 தேதிகள் நாள்காட்டியிலேயே இல்லை.